செல்லத்தாய் பேரில் ஒரு பிரசவம்

என் மகள் அனுப்பிரியா மும்முறை தாண்டுகிறவள். ஓடி வந்து ஒரு காலில் எம்பி, அதே காலில் இறங்கி, அடுத்த காலுக்குத் தாவி, அதில் எம்பி மணலில் போய் விழ வேண்டும். மாவட்டத்தில் அவள் வயதில் அவளைவிடத் தள்ளி விழுகிறவள் கிடையாது. மாநிலத்திலும் கிடையாது என்பது போன மாதம் தெரிந்தது. கொழும்பில் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒரு போட்டி, அணியில் பேர் வந்திருக்கிறது, ஆறு வாரத்துக்குள் பாஸ்போர்ட் வேண்டும் என்று பி.டி. மாஸ்டர் சொல்லிவிட்டார்.

"கொழும்புக்கா?" என்றாள் என் அம்மா ராக்காயி. "அங்கன போறதுக்கா நாங்க அம்புட்டுப் பாடுபட்டு இங்கன வந்தோம்?"

அம்மா இலங்கையில் மஸ்கெலியாப் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவள். அவளுடைய தாத்தாவைச் சாத்தூர்ப் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து ஆள் பிடிக்கிற கங்காணி கூட்டிக்கொண்டு போனான். மூன்று தலைமுறை கொழுந்து பறித்த பிறகும் அந்த நாடு அவர்களை இந்தியாக்காரர்கள் என்றது. கலவரத்தில் தோட்டத்து லயத்தில் வரிசையோடு வரிசையாக இருந்த வீடு எரிந்து, வடக்கே ஓடி, படகேறி ராமேஸ்வரத்தில் இறங்கியபோது இந்த நாடு இலங்கைக்காரர்கள் என்றது. விருதுநகருக்கு வெளியே ஒரு முகாமில் கொண்டுவந்து விட்டார்கள். அங்கிருந்து சாத்தூர் பஸ்ஸில் முக்கால் மணி நேரம். நாற்பது வருடமாக முகாம்தான்.

என் மனைவி முருகேஸ்வரி தாயில்பட்டிக்காரி. பட்டாசுக் கம்பெனியில் பேக்கிங் வேலை. அவள் இந்தியப் பிரஜை. மாதம் இரண்டு தடவை வருவாய் ஆய்வாளர், அதாவது ஆர்.ஐ., முகாமுக்கு வந்து பேர் கூப்பிட்டுத் தலை எண்ணுவார். அம்மாவும் நானும் மகளும் வரிசையில் நிற்போம். முருகேஸ்வரி தள்ளி வேப்பமரத்தடியில் நிற்பாள். அவள் பேர் அந்த நோட்டில் கிடையாது.

எல்லோரும் அதைச் செக்கிங் என்பார்கள். அம்மா மட்டும் பெரட்டு என்பாள். தோட்டத்தில் விடியுமுன் வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிடுவதற்கு அந்தப் பெயர். கூப்பிட்டதும் "இருக்கேன் சாமி" என்று கத்த வேண்டும். கத்தாவிட்டால் அன்றைக்கு வேலை கிடையாது. முகாமில் கத்தாவிட்டால் பேரையே வெட்டிவிடுவார்கள். அதனால் அம்மா எங்கே இருந்தாலும், அரைத் தூக்கத்தில் இருந்தாலும், தன் பேர் காதில் விழுந்தால் எழுந்து கத்திவிடுவாள். ஆஸ்பத்திரியில் கத்துவாள், கோயிலில் அர்ச்சனைக்குப் பேர் சொன்னால்கூடக் கத்துவாள். சின்ன வயதில் எனக்கு அது மானக்கேடாக இருந்தது. நான் வேலை பார்க்கும் சிவகாசி பிரஸ்ஸில் இன்றைக்கு வரைக்கும் சொந்த ஊர் சாத்தூர் என்றுதான் சொல்லி வைத்திருக்கிறேன். ஒரு விதத்தில் பொய்யும் இல்லை.

பாஸ்போர்ட் கவுண்டரில் இருந்த பையன் நல்லவன். தாள்களைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

"அம்மா இந்தியர், சரி. அப்பா முகாமா இருந்தா பிள்ளைக்குக் கிடைக்காது சார். இப்பச் சட்டம் அப்படி. நீங்க எந்த வருசம் பொறந்தீங்க?"

"எண்பத்தேழு."

"மாசம்?"

"ஜூலை பதினாலு."

"அடடா." அவனுக்கு உண்மையிலேயே வருத்தம். "ஜூலை ஒண்ணாம் தேதிக்கு முன்னாடி இந்தியாவுல பொறந்திருந்தா நீங்களே இந்தியர். பாப்பாவுக்கும் பிரச்சினை இல்ல. ரெண்டு வாரத்துல போச்சே சார்."

வீட்டுக்கு வந்து சொன்னேன். அம்மா முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள்.

"நீ எங்கடா சூலையில பொறந்த? நீ ஆனி அமாவாசை."

"முகாம் அட்டையில ஜூலை பதினாலுன்னுதான இருக்கு."

"அது உன்னைய எழுதின நாளு. அன்னைக்குத்தான ஆர்.ஐ. வந்தாரு. பிள்ளையத் தூக்கிக் காட்டினேன், எழுதிக்கிட்டாரு."

எங்கள் முகாமில் பிள்ளை பிறந்த தேதிக்கு மதிப்பில்லை. நோட்டில் ஏறின தேதிதான் பிறந்த தேதி. பள்ளிக்கூடத்தில் என்னோடு சேர்த்து ஏழு பேருக்கு ஒரே நாளில் பிறந்தநாள் வரும். ஒரே ஒரு மிட்டாய்ப் பொட்டலம் வாங்கி எல்லோருமாகக் கொடுப்போம். அது வினோதமான விஷயம் என்று எங்கள் யாருக்கும் தோன்றியதில்லை.

எங்கள் பிரஸ்ஸில் அடிப்பது தினசரி காலண்டர். வருடத்துக்கு ஒன்று முதலாளி ரூம் அலமாரியில் கோப்பாக இருக்கும். நைட் ஷிப்ட் முடிந்த காலை, கூட்டுகிற அக்காவிடம் சொல்லிவிட்டு எண்பத்தேழை எடுத்தேன். தாள் பழுத்திருந்தது. ஆனியில் ஒரே அமாவாசைதான். ஜூன் 26, வெள்ளிக்கிழமை. முற்பகல் வரை அமாவாசை.

வீட்டில் அம்மா மறுபடியும் கீரையோடு உட்கார்ந்திருந்தாள். "எத்தனை மணிக்கும்மா பொறந்தேன்?"

"பத்து மணி இருக்கும். வெயில் ஏறிருச்சு."

"முகாம்லயா?"

அம்மா கீரைக் காம்பை ஒடித்துப் போட்டாள். "சிவகாசியில. ஆஸ்பத்திரியில."

"அப்ப அங்க எழுதியிருப்பாங்கள்ல?"

"எழுதுனாக. எம் பேர்ல இல்ல."

முப்பத்தெட்டு வருடத்தில் அவள் எனக்குச் சொல்லாத விஷயம் அது. அப்போது உயிரோடிருந்த அப்பா காய்ச்சலில் கிடந்தார். அம்மா ஒன்பது மாத வயிற்றோடு, யாரிடமும் அனுமதி வாங்காமல், விடியக்காலம் வருகிற வண்டியில் ஏறி விஸ்வநத்தத்துத் தீப்பெட்டி ஆபீசுக்குப் போய்க்கொண்டிருந்தாள். அங்கேயே வலி எடுத்துவிட்டது. பக்கத்தில் உட்கார்ந்து வேலை பார்த்த உள்ளூர்ப் பெண் செல்லத்தாய்தான் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள். முகாமிலிருந்து வெளியே வந்தது தெரிந்தால் பேரை வெட்டிவிடுவார்கள் என்று அம்மா பயந்து அழுதாள். செல்லத்தாய் சீட்டு எழுதுகிற ஜன்னலில் குனிந்து, பிரசவத்துக்கு வந்திருக்கிறவள் பேர் செல்லத்தாய், புருஷன் பேர் சோலைச்சாமி, ஊர் விஸ்வநத்தம் என்று எழுதச் சொல்லிவிட்டாள்.

சிவகாசிப் பிறப்புப் பதிவேட்டில் தேடிப் பார்த்தேன். பதிவு அப்படியே இருந்தது. 26-6-1987, ஆண் குழந்தை. தாய் செல்லத்தாய். குழந்தையின் பேருக்கு நேரே ஒன்றும் இல்லை. வெறும் கோடு.

செல்லத்தாயைப் பார்க்க அம்மாவும் நானும் அனுப்பிரியாவும் போனோம். விஸ்வநத்தத்தில் ஓட்டு வீடு. அறுபத்தைந்து வயதுக்கு நல்ல உரம். புருஷன் செத்து எட்டு வருடம். பிள்ளை குட்டி கிடையாது. என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"ஏலே, இம்புட்டு உசரமா வளந்துட்டியா? நாம் பாத்தப்ப முயக்குட்டி கணக்கா இருந்த. சாப்பிட்டீகளா?"

அம்மாவும் அவளும் வருடத்துக்கு ஒரு தடவை மாரியம்மன் பொங்கலில் சந்தித்துக்கொள்வார்களாம். எனக்கு அதுவும் தெரியாது.

நான் விஷயத்தைச் சொன்னேன். அவள் யோசிக்கவே இல்லை.

"இதுக்கு எதுக்கு மூஞ்சியத் தொங்கப் போட்டுட்டு இருக்கீக? எம் பேர்லதான இருக்கு? எம் மகன்னே சொல்லிருவோம். நாம் பெத்தேன், வளக்க வழியில்ல, முகாம்ல இருந்த ராக்காயிக்கு வளக்கக் குடுத்துட்டேன். முடிஞ்சு போச்சு. நான் இந்தியாக்காரி, எம் மகன் இந்தியாக்காரன், எம் பேத்தி ஏரோப்ளான்ல போவா."

அம்மா உடனே தலையாட்டினாள். "அதான் சரி."

"அப்ப எனக்கு அப்பத்தா யாரு?" என்றாள் அனுப்பிரியா.

பொய் சொல்வது எங்களுக்குப் புதிதில்லை. உண்மையைச் சொல்லி ஒரு காரியம் நடந்ததை முகாமில் நான் பார்த்ததும் இல்லை. வெட்கமாக இருந்ததா என்றால், இருந்தது. மறுநாளே அந்தப் பதிவில் என் பேரைச் சேர்க்கச் சொல்லி விண்ணப்பம் எழுதிக் கொடுத்தேன். பேரைச் சேர்ப்பதற்கு முன் தாலுகா ஆபீசில் விசாரணை, பெற்ற தாய் நேரில் வர வேண்டும் என்று கடிதம் வந்தது.

விசாரணைக்கு முந்தின நாள் மத்தியானம் செல்லத்தாய் வீட்டில் ஒத்திகை. அம்மா சொல்லிக்கொடுக்க, அவள் கேட்டுக்கொள்வதாக ஏற்பாடு.

"வலி எப்ப எடுத்துச்சுன்னு கேட்டா, வண்டியில வரும்போதேன்னு சொல்லு," என்றாள் அம்மா.

"வண்டியிலயா? மரச் சட்டத்துல தீக்குச்சி அடுக்கிட்டு இருக்கும்போதுல்ல எடுத்துச்சு. நீ குச்சிய என் மடியில கொட்டிட்ட."

"வண்டியிலயே எடுத்துருச்சு. நாந்தான் சொல்லாம இருந்தேன்."

"அடிப் பாவி. சொல்லியிருந்தா அப்பவே கொண்டு போயிருப்பேன்ல?"

"அன்னைக்கு வேலையும் போயிருக்கும்ல? சரி, பிள்ளை எப்படிப் பொறந்தான்னு கேட்டா, சுகமாப் பொறந்தான்னு சொல்லு. உடனே அழுதான்னு சொல்லு."

செல்லத்தாய் சிரித்தாள். "உனக்கு என்னத்தத் தெரியும்? நீ கண்ண இறுக்கி மூடிக்கிட்டு எம் பேரச் சொல்லிக் கத்திக்கிட்டு இருந்த. பாத்தவ நானு. கொடி கழுத்துல ஒரு சுத்துச் சுத்திக் கெடந்துச்சு. நீலமா இருந்தான். நர்சம்மா எடுத்துவிட்டு, காலப் பிடிச்சுத் தலைகீழாத் தூக்கி, முதுகுல ரெண்டு போட்டுச்சு. அப்புறந்தான் அழுதான்."

"நீ சொல்லவே இல்லையே," என்றாள் அம்மா.

"சொல்லி என்ன? அதான் அழுதுட்டான்ல?"

அம்மா கையை நீட்டி என் கழுத்தைத் தொட்டாள். முப்பத்தெட்டு வயது ஆளின் கழுத்தை, சட்டைக் காலருக்குள் விரலை விட்டு, ஏதோ இன்னும் அங்கே இருக்கிறதா என்று பார்ப்பதுபோலத் தடவினாள்.

"மூணு நாளு அங்கன இருந்தோம்," என்றாள் செல்லத்தாய். "அவ செல்லத்தாய். நான் தொணைக்கு வந்த ராக்காயி. பேர் கூப்பிட்டா மாத்தி மாத்தித்தான் பதில் சொல்லணும். கட்டில்ல ஒரு சீட்டுத் தொங்கும். எம் பேரு, அதுக்கு நேரா ஆண் குழந்தைன்னு போட்டிருக்குன்னு நர்சம்மா சொன்னா. எனக்கு எங்கிட்டுப் படிக்கத் தெரியும்? இவ தூங்கும்போது அத எடுத்துப் பாத்துட்டே இருப்பேன்."

கடைசியில் ஒத்திகை தலைகீழாகத்தான் நடந்தது. பிரசவத்தை அவள் சொன்னாள், அம்மா கேட்டாள்.

விசாரணை அதிகாரி அழகுமீனா என்று மேஜைப் பலகையில் எழுதியிருந்தது. நாற்பதை ஒட்டிய வயது. ரூமுக்கு வெளியே எங்களோடு பத்துப் பதினைந்து பேர் பெஞ்சில் காத்திருந்தார்கள். அம்மா வளர்த்தவள் என்கிற கணக்கில் எங்களோடு வந்திருந்தாள். வாயைத் திறக்கக் கூடாது என்று சொல்லி சுவரோரம் உட்கார வைத்திருந்தேன். அவளுக்கு முந்தின இரவு தூக்கமில்லை. தலை சாய்ந்து கண் சொக்கியது.

பியூன் கதவில் நின்று கூப்பிட்டார். "விஸ்வநத்தம் செல்லத்தாய்!"

"இருக்கேன் சாமி!"

அம்மா எழுந்து நின்று கத்திவிட்டாள். அதே நேரத்தில் செல்லத்தாயும் எழுந்து நின்றாள். பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். அம்மாவுக்கு அப்போதுதான் கண் திறந்தது. வாயைப் பொத்திக்கொண்டு என்னைப் பார்த்தாள். அந்த முகத்தைப் பார்த்து எனக்குக் கோபம்கூட வரவில்லை.

"யாரு செல்லத்தாய்?" என்றார் உள்ளேயிருந்து அதிகாரி.

"இவுகதான் மேடம். அவுகளுக்குக் காது மந்தம்," என்றேன்.

அதிகாரி அம்மாவை ஒரு முறை பார்த்தார். மூன்று பேரையும் உள்ளே வந்து உட்காரச் சொன்னார். தாளைப் புரட்டினார். ஊர், புருஷன் பேர், ஆஸ்பத்திரி எல்லாம் கேட்டார். செல்லத்தாய் பிசிறில்லாமல் சொன்னாள். வலி எடுத்த நேரம், கொடி சுற்றியிருந்தது, நர்ஸ் முதுகில் தட்டியது. கேட்காததையும் சொன்னாள். அவள் முகம் அவ்வளவு தெளிவாக இருந்தது. வேலை முடிந்துவிட்டது என்று எனக்குத் தோன்றியது.

"பெத்த பிள்ளைய ஏம்மா குடுத்தீங்க?" என்றார் அதிகாரி. எழுதிக்கொண்டே, தலை நிமிராமல், சாதாரணமாகத்தான் கேட்டார்.

வறுமை என்று சொல்ல வேண்டும். பத்து முறை சொல்லிப் பார்த்தது. செல்லத்தாய் வாயைத் திறந்தாள், மூடினாள். மேஜையில் இருந்த கண்ணாடி உருண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பெத்திருந்தா குடுப்பேனா தாயி?" என்றாள்.

அதிகாரி பேனாவை வைத்தார்.

"எல்லாஞ் சொல்லிருவேன். அத மட்டுஞ் சொல்ல முடியல. எனக்குப் பொறந்து, அவனை நான் தூக்கிக் குடுத்தேன்னு சொல்ல வாய் வரல. எனக்குப் பிரசவமே கெடையாது. பேரு என்னது. வயிறு இவளோடது. ஏட்டி ராக்காயி, நீ சொல்லுடி."

அம்மா என்னைப் பார்த்தாள். அனுப்பிரியாவின் பாஸ்போர்ட் அந்த ரூமை விட்டு வெளியே போவது எனக்குத் தெரிந்தது. நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை. அம்மா முதலில் மெதுவாகவும், பிறகு தோட்டத்து லயத்தில் பக்கத்து வீட்டுக்காரியிடம் சொல்வதுபோல உரக்கவும் எல்லாவற்றையும் சொன்னாள். வண்டி, தீப்பெட்டிக் குச்சி, ஜன்னல், மூன்று நாள். ஆர்.ஐ. எழுதிய ஜூலை பதினாலு. நடுவில் செல்லத்தாய் இரண்டு இடத்தில் திருத்தினாள். நான் போனில் எடுத்து வைத்திருந்த காலண்டர் தாளைக் காட்டினேன்.

அதிகாரி அலுத்துக்கொண்டார்.

"இந்தப் பொய்ய எதுக்குச் சொன்னீங்க?"

"பதிவு அவுக பேர்ல இருந்துச்சு மேடம். அவுக மகன்னு சொன்னாத்தான் அந்தப் பதிவு எனக்குச் செல்லும், நான் இந்தியன் ஆவேன்னு..."

"யாரு சொன்னா? ஜூலை ஒண்ணுக்கு முன்னாடி இங்க பொறந்தவங்களுக்கு அப்பா யாரு, அம்மா யாருன்னு சட்டம் கேக்கல. எங்க பொறந்த, எப்பப் பொறந்த, அவ்வளவுதான். நீங்க உங்கம்மா ராக்காயிக்கு மகனாவே இருந்திருக்கலாம்."

அம்மாவுக்குப் பாதிதான் புரிந்தது. "அப்ப நான் பெத்ததா இருந்தாலும் பரவாயில்லையா தாயி?" என்று கேட்டாள்.

"பரவாயில்லம்மா."

"எழுதலாமா?"

"எழுதலாம். ஆனா அந்தப் பதிவுல இருக்கிற பிள்ளை இவர்தான்னு நிரூபிக்கணும். நான் வாக்குமூலம் வாங்கி மேல அனுப்பத்தான் முடியும். அங்க என்ன சொல்றாங்களோ. மதுரையில கோர்ட்டுக்கும் போக வேண்டியிருக்கும். ஆறு வாரத்துல நடக்காது. வருசமாகலாம். நடக்கும்னும் நான் சொல்ல மாட்டேன்."

"பேர மாத்திச் சொன்னதுக்கு எங்களப் பிடிச்சுட்டுப் போவாகளா?" என்றாள் செல்லத்தாய்.

"முப்பத்தெட்டு வருசத்துக்கு முன்னாடி சொன்னதுக்கா? இன்னைக்குச் சொன்னதுக்குத்தான் பிடிக்கணும்." அவர் சிரிக்கவில்லை. ஆனால் அந்த முதல் தாளைக் கிழித்துக் குப்பைக் கூடையில் போட்டார்.

புதுத் தாளில் அவரே எழுதி வாசித்துக் காட்டினார். செல்லத்தாய் என்கிற பெயரில் அனுமதிக்கப்பட்ட ராக்காயிக்கு, ராக்காயி என்கிற பெயரில் உடனிருந்த செல்லத்தாயின் முன்னிலையில், பிறந்த ஆண் குழந்தை மணிமுத்து. ஆபீஸ் தமிழ் எனக்குப் பிடிக்காது. அந்த ஒரு வரியை மட்டும் இன்னொரு தடவை வாசிக்கச் சொல்லலாமா என்று இருந்தது. கேட்கவில்லை.

இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் கைநாட்டு வைத்தார்கள்.

வெளியே டீ குடித்தோம். மை பட்ட கட்டைவிரலைச் சேலையில் படாமல் இரண்டு பேரும் தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

"கெடுத்துட்டேன்லடி?" என்றாள் செல்லத்தாய்.

"நாந்தான் மொதல்ல எந்திரிச்சுக் கத்துனேன்."

"உன்னைய எவ கத்தச் சொன்னா? எம் பேரு அது. இனிமேலாச்சும் திருப்பிக் குடு."

"நீயே வச்சுக்க. மூணு நாளைக்கு மேல எனக்குத் தாங்கல."

சாயங்காலம் மைதானத்துக்குப் போய் அனுப்பிரியாவிடம் சொன்னேன். சுற்றி வளைக்கத் தெரியாது எனக்கு. கொழும்பு கிடையாது, இந்த வருடம் எதுவும் கிடையாது, கோப்பு மேலே போகிறது, எப்போது வரும் என்று தெரியாது என்றேன். அவள் ஷூ கயிற்றை அவிழ்த்து மறுபடி கட்டினாள். கண் கலங்கியிருந்தது. குனிந்தே இருந்தாள்.

"அப்ப அப்பத்தா, அப்பத்தாதான?"

"ஆமா."

"சரி. கொழும்பு எங்கயும் ஓடிப்போயிராது."

எழுந்து போய் ஓடத் தொடங்கும் கோட்டில் நின்றாள். மூன்று தடவை தாண்டினாள். மூன்றிலும் மணலுக்கு முன்னால் இருக்கிற எம்பும் கோட்டை மிதித்துவிட்டாள். நாலாவது சரியாக விழுந்தது. நான் நின்று பார்த்துவிட்டு ஷிப்ட்டுக்குப் போனேன். அன்றைக்கு மெஷின்காரர் ஏதோ பேச்சில் சாத்தூரில் எந்தத் தெரு என்று கேட்டார். முகாம் என்றேன். "அப்படியா," என்று சொல்லிவிட்டு மை ஊற்றப் போய்விட்டார்.

அந்த வாரமே செக்கிங். ஆர்.ஐ. நோட்டை விரித்தார். அதில் நான் இன்னும் ஜூலை பதினாலுதான். வேப்பமரத்தடியில் முருகேஸ்வரி. அவளுக்குப் பக்கத்தில் செல்லத்தாய். வீட்டைப் பார்க்க வந்தேன் என்று காலை முதல் பஸ்ஸிலேயே வந்து இறங்கியிருந்தாள்.

"மணிமுத்து!"

"இருக்கேன் சார்."

"அனுப்பிரியா!"

"இருக்கேன் சார்."

"ராக்காயி!"

சத்தம் இல்லை. ஆர்.ஐ. நிமிர்ந்தார். அம்மா வரிசையில்தான் நின்றாள். திரும்பி மரத்தடியில் இருந்த செல்லத்தாயிடம், கீரையை அடுப்பில் ஏற்றச் சொல்லி எதையோ விளக்கிக்கொண்டிருந்தாள்.

"ராக்காயி! ஆள் இருக்கா இல்லையா?"

அம்மா சொல்ல வந்ததைச் சொல்லி முடித்துவிட்டுத்தான் இந்தப் பக்கம் திரும்பினாள். கத்தவில்லை.

"இங்கனதான இருக்கேன்," என்றாள். "எங்க போகப் போறேன்?"